ஃப்ரெஷ் டாக் ஃபுட் சப்ஸ்கிரிப்ஷன்: மூன்று மாதப் பணத்தை மொத்தமாகக் கட்டும் முன் படியுங்கள்

பெங்களூரில் நாய் வளர்க்கும் தமிழ்க் குடும்பங்களுக்காக, குறிப்பாக அல்சூர், ஃபிரேசர் டவுன், விவேக் நகர், எச்.எஸ்.ஆர். லேஅவுட் பக்கம் இருப்பவர்களுக்காக எழுதுகிறோம். சமைத்து உறைய வைத்த நாய் உணவை வாரா வாரம் வீட்டுக்கு அனுப்பும் ஒரு நிறுவனம் எங்கள் வட்டாரத்தில் பலரை ஏமாற்றியிருக்கிறது. புகார் நடந்துகொண்டிருப்பதால் பெயர் போடவில்லை. என்ன செய்தார்கள், அதை வீட்டிலேயே எப்படிக் கண்டுபிடிப்பது என்பதை மட்டும் சொல்கிறோம்.

சின்ன கிச்சனாக இருந்தவரை நல்ல சாப்பாடுதான் கொடுத்தார்கள். கோழி, ஈரல், பூசணி, அரிசி, கூடவே வைட்டமின், தாதுக் கலவை. ஆர்டர் பெருகியதும் கிச்சன் ஊருக்கு வெளியே போனது. மூன்று மாதத்துக்கு முன்பணம் கட்டினால் தள்ளுபடி என்றார்கள். பணம் கைக்கு வந்த பிறகு பைக்குள் இருந்த சரக்கு மாறத் தொடங்கியது.

முதலில் தண்ணீர். பை மேல் 300 கிராம் என்று இருக்கும், தராசில் வைத்தாலும் 300 கிராம் காட்டும். அதனால்தான் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. நீங்கள் இப்படிச் சோதிக்கலாம்: உணவை நன்றாகப் பிசைந்து 100 கிராம் எடுத்து, தட்டில் மெல்லிசாகப் பரப்பி, ஓவனில் 105 டிகிரியில் எடை குறைவது நிற்கும்வரை காய வையுங்கள். சில மணி நேரம் ஆகும். லேபிளில் ஈரப்பதம் 70 சதவீதம் என்றால் தட்டில் 30 கிராம் மிஞ்ச வேண்டும். இவர்களின் பழைய பையில் ஏறக்குறைய அவ்வளவு மிஞ்சியது. புதிய பையில் 20 கிராம்தான். அதே விலைக்குச் சத்தில் மூன்றில் ஒரு பங்கு போய்விட்டது. கறியைக் குறைத்துப் பூசணியையும் வேக வைத்த தண்ணீரையும் கூட்டினால் இதுதான் நடக்கும்.

நாய்க்கு இது என்ன செய்யும் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். நாயின் எடையை (கிலோவில்) 0.75 அடுக்குக்கு உயர்த்தி 70-ஆல் பெருக்கினால் ஓய்வு நிலையில் தேவைப்படும் கலோரி வரும். கருத்தடை செய்த வளர்ந்த நாய்க்கு அதை 1.6-ஆல் பெருக்க வேண்டும். 12 கிலோ நாய்க்கு இது நாளுக்குச் சுமார் 720 கலோரி. 100 கிராமில் 140 கலோரி இருக்கும் உணவென்றால் 515 கிராம் போதும். அதே 515 கிராமை நீர்த்த உணவாகக் கொடுத்தால் 490 கலோரிகூடத் தேறாது. விலா எலும்பு துருத்தும், நாய் குப்பைத் தொட்டியை நோண்டும், வீட்டில் இருப்பவர்கள் குடற்புழு என்று நினைத்து மருந்து கொடுப்பார்கள். எங்கள் பகுதியில் சில வீடுகளில் அப்படித்தான் நடந்தது.

அடுத்தது லேபிள். புதிய பைகளில் ஒரு வெள்ளை ஸ்டிக்கர் ஒட்டியிருந்தது, அதில் 'துணை உணவு' என்று பொடி எழுத்து, அதாவது இதை மட்டும் கொடுத்தால் நாய்க்குப் போதாது. நகத்தால் உரித்தால் அடியில் பழைய அச்சு: 'முழுமையான, சமச்சீர் உணவு'. தாதுக் கலவையை நிறுத்தியதும் சத்தமில்லாமல் அந்த வரியை மூடிவிட்டார்கள். வெப்சைட்டில் மட்டும் பழைய வாசகமே இருந்தது. எங்களுக்கு அதிகக் கோபம் இதில்தான். கறியில் பாஸ்பரஸ் கால்சியத்தைவிடப் பல மடங்கு அதிகம். கால்சியம் சேர்க்காமல் கோழியும் சோறும் மட்டும் தின்று வளரும் குட்டி, எலும்பில் இருக்கும் கால்சியத்தை இழக்கிறது. கால் வளைகிறது, சின்னக் குதிப்பிலேயே எலும்பு முறிகிறது. அமெரிக்காவில் தீவன அளவுகோல்களை வகுக்கும் ஆஃப்கோ (AAFCO) சங்கத்தின் அளவுப்படி, ஈரம் நீக்கிய உணவில் வளர்ந்த நாய்க்குக் கால்சியம் குறைந்தது 0.5 சதவீதம், குட்டிக்கு 1.2 சதவீதம் வேண்டும். புரதம் முறையே 18, 22.5 சதவீதம். லேபிளில் புரதம் 9 சதவீதம், ஈரப்பதம் 70 என்றால் 9-ஐ 30-ஆல் வகுத்து நூறால் பெருக்குங்கள், 30 சதவீதம் வரும். ஒப்பிட வேண்டியது இந்த எண்ணைத்தான்.

எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. (மனிதர் உண்ணும் உணவுக்கான இந்திய ஆணையம்) எண்ணைக் காட்டினால் மயங்காதீர்கள். 2006-ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டத்தில் 'உணவு' என்பதன் வரையறையிலேயே விலங்குத் தீவனம் சேராது. அந்த எண் உங்கள் நாயின் சத்துக்கு எந்தச் சான்றும் தராது. செல்லப்பிராணி உணவுக்கென்று ஐ.எஸ். 11968 என்ற இந்தியத் தரநிலை இருக்கிறது. அதன்படி செய்கிறீர்களா, எந்த வயது நாய்க்கான ஃபார்முலா, ஆய்வக அறிக்கை எங்கே என்று எழுத்தில் கேளுங்கள். பதில் வராவிட்டால் வாங்க வேண்டாம்.

குளிர்ச்சி விஷயம். மைனஸ் 18 டிகிரியில் இருக்க வேண்டிய சரக்கு, சில்க் போர்டு நெரிசலில் பைக்கின் பின்னால் மதிய வெயிலில் நின்றால் தெர்மோகோல் பெட்டி எவ்வளவு நேரம் தாங்கும்? பெட்டியைத் திறந்ததும் ஜெல் பேக்கை அழுத்திப் பாருங்கள். தொளதொளவென்று இருந்தால், இரண்டு பைகளுக்கு நடுவே சமையல் தெர்மாமீட்டரைச் செருகுங்கள். 5 டிகிரிக்கு மேல் காட்டினால் வாங்காமல் திருப்பி அனுப்புங்கள். பைக்குள் ஒரு மூலையில் மட்டும் பனிக்கட்டி திரண்டிருந்தால், உருகி மறுபடி உறைந்த சரக்கு அது. வேக்யூம் பை உப்பியிருந்தால் திறந்து முகரவே வேண்டாம். காற்றில்லாத பைக்குள் வளரும் கிருமிகளும் உண்டு, எல்லாக் கெட்ட உணவும் நாறாது, மறுபடி உறைய வைத்தால் நச்சும் போகாது.

பணத்துக்கு வருவோம். டிரையல் பேக்குக்கு யூ.பி.ஐ. கேட்கும்போதே ஆட்டோபே மேண்டேட்டையும் (தவணைதோறும் தானாகப் பணம் எடுக்கும் அனுமதி) வாங்கிவிடுகிறார்கள். ஆப்பில் 'நிறுத்தி வை' மட்டும் இருக்கிறது, 'ரத்து' இல்லை. வாட்ஸ்அப்பில் கேட்டால் பதில் வராது, அடுத்த தவணை மட்டும் சரியாகப் போகும். அவர்களிடம் கெஞ்ச வேண்டியதில்லை. உங்கள் யூ.பி.ஐ. ஆப்பில் ஆட்டோபே பகுதிக்குப் போய் அந்த மேண்டேட்டை நீங்களே ரத்து செய்யலாம். கார்டு என்றால் வங்கியின் தளத்தில் செய்யுங்கள். ரிசர்வ் வங்கி விதிப்படி பணம் எடுப்பதற்கு 24 மணி நேரம் முன்பே தகவல் வர வேண்டும், அந்த மெசேஜை அழிக்காதீர்கள். ரத்து செய்ய விடாமல் சிக்க வைப்பதை 2023-ஆம் ஆண்டின் டார்க் பேட்டர்ன் (ஆப், வெப்சைட் வடிவமைப்பால் ஏமாற்றும் உத்தி) வழிகாட்டுதல்கள் 'சந்தாப் பொறி' என்றே தடை செய்திருக்கின்றன.

முன்பணம் திரும்ப வராவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. தமிழிலேயே பேசலாம். அதிலும் தீராவிட்டால் நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்தின் நுகர்வோர் ஆணையத்தில் வழக்குப் போடலாம், கொடுத்த தொகை 5 லட்சம் வரை என்றால் கட்டணம் இல்லை. ஸ்டிக்கரோடும் ஸ்டிக்கரை உரித்த பிறகும் எடுத்த லேபிள் படம், தெர்மாமீட்டர் படம், வெப்சைட் ஸ்கிரீன்ஷாட், பணம் போன விவரம் எல்லாவற்றையும் தேதியோடு வைத்திருங்கள்.

இப்போது இந்த உணவில் இருக்கும் நாயை ஒரே நாளில் மாற்றாதீர்கள். பை நல்ல நிலையில் இருந்தால், ஒரு வாரத்துக்குள் கால், அரை, முக்கால் பங்கு என்று கடையில் கிடைக்கும் முழுமையான உணவுக்கு நகர்த்துங்கள். பை கெட்டிருந்தால் அதில் ஒரு வாய்கூடக் கொடுக்க வேண்டாம். திரும்பத் திரும்ப வாந்தி, முதுகைக் கூனி நிற்பது, தண்ணீரைக்கூட ஒதுக்குவது என்றால் அன்றைக்கே மருத்துவரிடம் கூட்டிப் போங்கள். மீதமிருக்கும் பையை ஜிப் கவரில் போட்டு ஃப்ரிட்ஜில் தனியாக வைத்து, பேட்ச் எண் தெரியும்படி கையோடு எடுத்துச் செல்லுங்கள்.