93,000 பெரிதா, 78,000 பெரிதா? டல்லாஸ், கிரீன் பே அரங்கக் கூட்டங்கள்: ஓர் ஒப்பீடு

அமெரிக்கக் கால்பந்தின் என்எஃப்எல் தொடரில் சொந்த ஊர் ஆட்டங்களுக்கு அதிகக் கூட்டம் சேர்க்கும் அணி எது என்று கேட்டால், ஒரே வரியில் பதில் சொல்லிவிடலாம்: டல்லாஸ் கவ்பாய்ஸ். 2009-இல் புது அரங்கத்துக்குக் குடிபோனதிலிருந்து ஏறத்தாழ ஒவ்வோர் ஆண்டும் பட்டியலின் முதலிடம் அவர்களுக்குத்தான். அண்மை ஆண்டுகளில் ஆட்டத்துக்குச் சராசரியாக 93,000 பேருக்கு மேல் வருகிறார்கள். கிரீன் பே பேக்கர்ஸ் அணியின் சராசரி 78,000-ஐ ஒட்டி நிற்கிறது. பதினைந்தாயிரம் தலைகள் வித்தியாசம்.

இத்தோடு கடையைக் கட்டியிருக்கலாம். ஆனால் கிரீன் பேயில் சீசன் டிக்கெட்டுக்கு ஒரு லட்சத்து முப்பதாயிரத்துக்கும் அதிகமான பெயர்கள் காத்திருப்புப் பட்டியலில் கிடக்கின்றன. டல்லாஸின் 93,000-இலோ ஆயிரக்கணக்கானோருக்கு உட்கார இருக்கையே கிடையாது. இரண்டையும் ஒரே தராசில் வைத்தால் தராசுதான் கோணும்.

முதலில் ஊர்களைப் பார்ப்போம். கவ்பாய்ஸ் ஆடுவது டல்லாஸ் நகருக்குள் அல்ல. டல்லாஸுக்கும் ஃபோர்ட் வொர்த்துக்கும் நடுவிலுள்ள ஆர்லிங்டனில். அந்தப் பெருநகர வட்டாரத்தின் மக்கள்தொகை 2020 கணக்கெடுப்பில் சுமார் 76 லட்சம். வருகிற ஒவ்வொருவருக்கும் பின்னால் எண்பது பேர் வெளியே இருக்கிறார்கள். கிரீன் பே நகரின் மக்கள்தொகையோ 1,07,000 சொச்சம். அங்குள்ள லாம்போ ஃபீல்டு அரங்கத்தின் கொள்ளளவு 81,441. ஊரில் முக்கால்வாசிப் பேர் வீட்டைப் பூட்டிக்கொண்டு வந்தால்தான் அரங்கம் நிரம்பும். நடப்பில் விஸ்கான்சின் மாநிலம் முழுவதிலிருந்தும் வண்டி கட்டிக்கொண்டு வருகிறார்கள். இரண்டு மணி நேரத் தொலைவிலுள்ள மில்வாக்கியிலிருந்து வருகிறவர்களுக்குத் தனிக் கணக்கே உண்டு. 1933 முதல் 1994 வரை பேக்கர்ஸ் தன் சொந்த ஆட்டங்களில் சிலவற்றை மில்வாக்கியில்தான் ஆடியது. அந்த ஏற்பாடு முடிந்தபோது மில்வாக்கி சந்தாதாரர்களைக் கழற்றிவிடாமல், சீசன் டிக்கெட்டை இரண்டு தொகுப்பாகப் பிரித்தார்கள். ‘தங்கம்’ தொகுப்பு பழைய மில்வாக்கிக்காரர்களுக்கு, ‘பச்சை’ கிரீன் பேக்காரர்களுக்கு. இரண்டும் அணியின் சட்டை நிறங்கள்.

விழுக்காட்டுக் கணக்கும் ஏமாற்றும். ஆர்லிங்டன் அரங்கத்தின் அறிவிக்கப்பட்ட கொள்ளளவு 80,000. அதில் 93,000 என்றால் நூற்றுக்கு நூற்றுப்பதினாறு! லாம்போவின் விழுக்காடு நூறுக்குள்தான் நிற்கிறது. கணக்கின் கீழ்த்தொகையில் நாற்காலிகளை மட்டும் எண்ணி, மேல்தொகையில் நிற்பவர்களையும் சேர்த்துக்கொண்டால் யார் வேண்டுமானாலும் நூறைத் தாண்டலாம். இந்தத் தொடரில் அறிவிக்கப்படும் எண்ணிக்கையும் பெரும்பாலும் விற்ற டிக்கெட்டுகளின் எண்ணிக்கைதான். டிக்கெட் வாங்கிவிட்டு மழைக்கு அஞ்சி வீட்டில் படுத்திருப்பவரும் அதில் ஒரு தலை.

சரி, அந்த நிற்பவர்கள் யார்? 1989-இல் ஜெர்ரி ஜோன்ஸ் இந்த அணியையும் அதன் அரங்க உரிமையையும் 14 கோடி டாலருக்கு வாங்கினார். இருபது ஆண்டு கழித்து நூறு கோடி டாலருக்கு மேல் செலவழித்து, திறந்து மூடும் கூரையோடு புது அரங்கம் எழுப்பினார். ஆர்லிங்டன் நகரம் அதில் 32.5 கோடி டாலரை ஏற்றுக்கொண்டது. நல்ல இருக்கை வேண்டுமென்றால் முதலில் இருக்கை உரிமம் வாங்க வேண்டும். அதன் உச்ச விலை 1,50,000 டாலர். டிக்கெட்டின் விலை அதற்கு மேல் தனி. இன்னொரு முனையில் 29 டாலருக்கு நின்று பார்க்கும் சீட்டு விற்றார்கள். கோல் எல்லைகளுக்குப் பின்னுள்ள மேடைகளில் இடம் பிடித்தவர் பாடு. கதவு திறந்ததும் பந்தயக் குதிரைகளைப் போல அங்கே பாய்ந்தோடும் கூட்டத்தைப் பார்ப்பதே ஒரு வேடிக்கை. 2009 செப்டம்பர் 20 அன்று நியூயார்க் ஜயன்ட்ஸுடன் நடந்த முதல் ஆட்டத்துக்கு 1,05,121 பேர் வந்ததாக அறிவித்தார்கள். லீக் ஆட்டம் ஒன்றுக்கு அதுவரை அவ்வளவு கூட்டம் சேர்ந்ததில்லை. ஆட்டத்தில் டல்லாஸ் 31-33 என்று தோற்றது வேறு கதை.

நடுவில் அறுபது கெஜ நீளத்துக்குத் தொங்குகிறது ஒரு வீடியோ திரை. திறப்பு விழாக் காலத்துப் பயிற்சி ஆட்டம் ஒன்றில் எதிரணி வீரர் உதைத்த பந்து அதில் போய் மோதியது. எதிரே ஆள் ஓடிக்கொண்டிருக்கும்போது அண்ணாந்து திரையைப் பார்க்கும் பழக்கம் அந்த அரங்கத்துக்கே உரியது. வீரர்கள் களத்துக்குப் போகும் வழியே ஒரு மதுக்கூடத்தின் ஊடாகத்தான். கையில் கோப்பையோடு நிற்பவர்களுக்கு நடுவில் ஹெல்மெட்டும் கையுமாக அவர்கள் நடந்து போவார்கள். இது விளையாட்டு அரங்கமா, பொருட்காட்சியா என்று முகம் சுளிப்பவர்கள் உண்டு. எனக்கும் அந்தச் சுளிப்பு உண்டு. ஆனால் பொருட்காட்சிக்குக் கூட்டம் வராமல் இருந்ததில்லை.

எண்ணிக்கை மோகம் ஒரு முறை கையைச் சுட்டது. 2011 பிப்ரவரி 6 அன்று சூப்பர் பவுல் இறுதி ஆட்டம் அங்கே நடந்தபோது, கூட்டச் சாதனைக்காகத் தற்காலிக இருக்கைகளைப் பொருத்தினார்கள். ஆட்ட நாளன்று அவற்றில் சுமார் 1,250 இருக்கைகள் பாதுகாப்பற்றவை என்று ஒதுக்கப்பட்டன. ஏறக்குறைய 400 பேர் டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு இருக்கையில்லாமல் தவித்தார்கள். வந்தோர் 1,03,219, 1980-இல் பதிவான 1,03,985-ஐத் தொட முடியவில்லை. அன்று கோப்பையைத் தூக்கியது யார் தெரியுமா? கிரீன் பே பேக்கர்ஸ்.

கிரீன் பேயின் கதைக்கு வருவோம். 1956-இல் அரங்கம் கட்ட 9,60,000 டாலர் கடன் பத்திரம் வெளியிடலாமா என்று ஊர் மக்களிடம் வாக்கெடுப்பு நடத்தினார்கள். பரம எதிரியான சிகாகோ பேர்ஸ் அணியின் முதலாளி ஜார்ஜ் ஹாலஸே வந்து ‘கட்டுங்கள்’ என்று பேசிவிட்டுப் போனார். பகையாளி இருந்தால்தானே பந்தயம்! வாக்கெடுப்பு வென்றது, 1957-இல் அரங்கம் திறந்தது, முதல் ஆட்டத்தில் அதே பேர்ஸை பேக்கர்ஸ் 21-17 என்று தோற்கடித்தது. 1960 முதல் இன்றுவரை லீக் ஆட்டங்களுக்கு சீசன் டிக்கெட்டுகள் மீதமானதில்லை.

இதன் வேரை டிக்கெட் விற்பனைத் தந்திரத்தில் தேடினால் கிடைக்காது. உரிமைப் பத்திரத்தில் இருக்கிறது. 1923-இலிருந்து இந்த அணிக்குத் தனி முதலாளி இல்லை. பொதுமக்களே பங்குதாரர்கள், இன்று ஐந்து லட்சத்துக்கும் மேல். பங்குக்கு ஆதாயம் கிடையாது, லாபத்துக்கு விற்கவும் முடியாது. கண்ணாடிச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டிக்கொள்ள ஒரு காகிதம், அவ்வளவே. ஆனால் அந்தக் காகிதம் ஒரு காரியம் செய்கிறது: யாரும் இந்த அணியை விலை பேசி வேறு ஊருக்கு ஓட்டிக்கொண்டு போக முடியாது. ஊரை விட்டுப் போகாத அணியின் டிக்கெட் தாத்தா சொத்தாகிவிடுகிறது. பிள்ளைகளுக்கு எழுதி வைக்கிறார்கள். குழந்தை பிறந்ததும் பட்டியலில் பெயர் பதிகிறார்கள். அது பெரியவனாகும்போதாவது முறை வரட்டும் என்று. ஜோன்ஸ் கூட்டத்தை ஒவ்வோர் ஆண்டும் புதிதாகத் திரட்டுகிறார். பேக்கர்ஸுக்கோ கூட்டம் பரம்பரையாக வந்து சேர்கிறது. எனக்குத் தெரிந்து இரண்டு அணிகளுக்கும் உள்ள அடிப்படை வேறுபாடு இதுதான், மற்றவையெல்லாம் கிளைகள்.

வசதி என்று பார்த்தால் லாம்போ தோற்றுப்போகும். பெரும்பாலான இடங்களில் முதுகுச் சாய்வில்லாத அலுமினியப் பலகைகள்தான். கூரை கிடையாது. ஆட்டத்துக்கு முன் பனி கொட்டிவிட்டால், மணிக்கு இவ்வளவு கூலி என்று அறிவித்து ஊராரையே மண்வாரியோடு கூப்பிடுகிறார்கள். அவர்களும் விடியும் முன் வந்து நிற்கிறார்கள். அரங்கத்தைச் சுற்றிலும் குடியிருப்புகள். ஆட்ட நாளில் வீட்டு முன் புல்வெளியில் கார் நிறுத்த இடம் விட்டுக் காசு பார்க்கும் குடும்பங்கள் ஏராளம். 1967 டிசம்பர் 31 அன்று உறைநிலைக்குக் கீழே 25 டிகிரி செல்சியஸில் இதே டல்லாஸ் அணியோடு இறுதி மோதல். களத்துக்கு அடியில் பதித்த வெப்பக் கம்பிகள் கைவிட்டன. நடுவர்களின் உலோக விசில் உதட்டோடு ஒட்டிக்கொண்டது. அதிகாரபூர்வக் கூட்டம் 50,861. கடைசி நொடிகளில், தாக்குதலை வழிநடத்தும் ‘குவார்ட்டர்பேக்’ ஆட்டக்காரரான பார்ட் ஸ்டார் தானே பந்தோடு பாய்ந்து வென்றார். அன்றும் கணக்கு 21-17 தான். அந்தக் குளிரைச் சொல்லிச் சொல்லியே அரங்கத்தைப் புண்ணிய தலமாக்கிவிட்டார்கள்.

அதற்காக அவர்களைத் தலைமேல் தூக்கி ஆடவும் வேண்டாம். 2014 ஜனவரியில் சான் பிரான்சிஸ்கோவுடன் ப்ளேஆஃப் ஆட்டம், அதாவது லீக் சுற்றுக்குப் பிந்தைய நாக்அவுட் ஆட்டம். கடும் குளிர் என்று வானிலை அறிக்கை சொன்னதும் ஆயிரக்கணக்கான டிக்கெட்டுகள் ஆட்ட வாரத்தில் விற்காமல் கிடந்தன. ஆட்டத்துக்கு 72 மணி நேரம் முன் டிக்கெட்டுகள் தீராவிட்டால் உள்ளூரில் தொலைக்காட்சி ஒளிபரப்பைத் தடுக்கும் விதி அப்போது நடப்பில் இருந்தது. கெடுவை நீட்டி, எப்படியோ விற்றுத் தீர்த்தார்கள். தாத்தா சொத்தாக இருந்தாலும் உறைநிலைக்குக் கீழே பதினைந்து டிகிரியில் பேரனுக்கு யோசனை வரத்தான் செய்கிறது.

இன்னொரு குறையைப் பெரும்பாலோர் பேசுவதில்லை. பரம்பரை உள்ளவனுக்கு வாசல் திறந்திருக்கிறது என்றால் மற்றவனுக்கு அடைத்திருக்கிறது என்று பொருள். கிரீன் பேக்கு நேற்று குடிவந்த தொழிலாளி சீசன் டிக்கெட்டுக்கு இன்று பெயர் கொடுத்தால் பேரப்பிள்ளை எடுக்கும் வயதாகிவிடும். டல்லாஸ் அரங்கத்தை வியாபாரம் என்று ஏளனம் செய்கிறோம்; ஆனால் கையில் சில்லறை மட்டும் உள்ளவனை நின்றாவது பார் என்று உள்ளே விட்டது அந்த வியாபாரம்தான்.

யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்பதை எண்ணிக்கை சொல்லாது என்பதற்கு மூன்றாவது சாட்சி லாஸ் ஏஞ்சலஸ் சார்ஜர்ஸ். 1961 முதல் சான் டியேகோவில் ஆடிய அணி. அரங்கத்துக்கு வரிப்பணம் கேட்டு நடந்த 2016 வாக்கெடுப்பில் தோற்றதும், 2017-இல் மூட்டை கட்டிக்கொண்டு லாஸ் ஏஞ்சலஸுக்குக் கிளம்பியது. புது அரங்கம் தயாராகும்வரை லாஸ் ஏஞ்சலஸை ஒட்டிய கார்சனில் 27,000 பேர் கொள்ளும் ஒரு சாக்கர் மைதானத்தில் மூன்று ஆண்டு ஆடினார்கள். சிறிய இடம், நிரம்பித்தான் இருந்தது. நிரப்பியது எதிரணி ரசிகர்கள்! ஒவ்வொரு முறை பந்தை நகர்த்தத் தொடங்கும்போதும் அதற்கான சைகையைக் குவார்ட்டர்பேக் குரலால் கொடுப்பது வழக்கம். கூச்சலில் கேட்காமல் போனால் வாயை மூடிக்கொண்டு அசைவால் கொடுப்பார்கள். விருந்தாளி அணிக்குத்தான் அந்த நிலை வரும். சார்ஜர்ஸின் ஃபிலிப் ரிவர்ஸ் தன் சொந்த மைதானத்திலேயே அப்படி ஆட வேண்டியதாயிற்று. 2019 நவம்பரில் பேக்கர்ஸ் வந்தபோது கார்சன் மைதானமே மஞ்சளும் பச்சையுமாக இருந்தது. வேடிக்கை என்னவென்றால், அன்று சார்ஜர்ஸ் 26-11 என்று வென்றுவிட்டது.

அவ்வளவு சிறு கூட்டத்தோடு ஓர் அணி எப்படிப் பிழைத்தது என்ற கேள்வி எழும். தேசிய ஒளிபரப்பு உள்ளிட்ட பொது வருவாய் 32 அணிகளுக்கும் சமமாகப் பங்கிடப்படுகிறது. பேக்கர்ஸ் மட்டுமே தன் கணக்கைப் பொதுவில் வெளியிடுவதால் அந்தப் பங்கின் அளவு வெளியே தெரிகிறது: 2024 நிதியாண்டில் 40 கோடி டாலருக்கு மேல். அரங்கம் காலியானாலும் அடுப்பு எரியும்.

கூட்டம் வெற்றி தருமா என்றால் டல்லாஸ்காரர்களைக் கேட்க வேண்டாம். 2024 ஜனவரியில், சொந்த மைதானத்தில் தொடர்ந்து 16 ஆட்டம் வென்ற மிடுக்கோடு ப்ளேஆஃபுக்கு வந்த கவ்பாய்ஸை, அதே அரங்கத்தில் 48-32 என்று வீட்டுக்கு அனுப்பியது பேக்கர்ஸ்.

என் தேர்வைக் கேட்டால், அணி நடத்துகிறவனாக இருந்தால் கிரீன் பேயின் பட்டியலைத்தான் விரும்புவேன். மோசமான சீசன்களிலும் அது கரையாது. ஒரே ஒரு முறை அமெரிக்கா போய் ஓர் ஆட்டம் பார்க்கிறவனுக்கு ஆர்லிங்டன் எளிது. குளிராது, டிக்கெட் கிடைக்கும், திரை பெரிது. ஒரு வசதிக்குறைவு, அந்த ஊரில் வழக்கமான பேருந்து, ரயில் தடங்கள் இல்லாததால் கார் வேண்டும். அதையும் மீறி லாம்போதான் என்று பிடிவாதம் பிடிப்பவர்கள், மறுவிற்பனையில் டிசம்பர் டிக்கெட்டாகப் பார்த்து வாங்கலாம். போகும்போது ஒரு பழைய அட்டைப்பெட்டியைக் கிழித்து எடுத்துப் போங்கள். உள்ளூர்க்காரர்கள் காலுக்கடியில் அதைப் போட்டுத்தான் நிற்கிறார்கள். வெறும் கான்கிரீட்டில் நின்றால் ஆட்டத்தின் இரண்டாவது கால்பகுதிக்குள் பாதம் மரத்துவிடும்.