பிரைமரி எந்த வீட்டில் இருக்க வேண்டும்?

போன மாரியில் ஒரு சனிக்கிழமை பின்னேரம், சம்பூரில் இருந்து அக்காவின் மகன், என் மருமகன், வாட்ஸ்அப்பில் ஒரு படம் அனுப்பினான். டிவித் திரையில் அவன் விளையாடும் கேம், அதன் பெயருக்குப் பக்கத்தில் சின்னதாக ஒரு பூட்டு. கூடவே ஒரு குரல் பதிவு: "மாமா, நேற்று வடிவாக விளையாடினது, இன்றைக்குப் பூட்டிக் கிடக்கு. நீங்கள் ஏதும் செய்தனீங்களோ?" நான் ஒன்றும் செய்யவில்லை. மழைக்கு அவர்கள் வீட்டு ரவுட்டருக்குச் சிக்னல் இல்லாமல் போயிருந்தது, அவ்வளவுதான். அந்தப் படத்தைக்கூடக் குடையோடு ஒழுங்கை முடக்கு வரை போய் நின்றுதான் அனுப்பியிருக்கிறான்.

ஆனாலும் பிழை என்னுடையதுதான். நான் வாங்கிய பிளேஸ்டேஷன் கேம்களை இன்னொருவரும் விளையாட விடும் பகிர்வைத் தவறான வீட்டில் போட்டு வைத்திருந்தேன்.

திருகோணமலைப் பக்கம் பரந்து கிடக்கும் எங்கள் குடும்பத்தில் மூன்று வகைக் கொன்சோலும் (கேம் விளையாடும் பெட்டி) இருக்கின்றன. உப்புவெளியில் என் வீட்டில் ஒரு பிளேஸ்டேஷன் 5 (பிஎஸ்5), சம்பூரில் அக்கா வீட்டில் இன்னொன்று. லிங்கநகரில் தம்பியிடம் எக்ஸ்பொக்ஸ் சீரீஸ் எஸ். என் மகளிடமும் தம்பியின் மகனிடமும் ஒவ்வொரு நின்டெண்டோ சுவிட்ச். ஒரே கேமுக்கு மூன்று வீட்டிலும் காசு கட்டுவதா என்ற கேள்வியில் தொடங்கி, எல்லா வழியையும் ஒருக்கா கிண்டிப் பார்த்தாயிற்று.

பிளேஸ்டேஷனில் இருந்து தொடங்குகிறேன், சிக்கலும் அங்கேதான் அதிகம், பலனும் அங்கேதான் அதிகம். டிஸ்க் இல்லாமல் டிஜிட்டலாக ஒரு கேம் வாங்கினால் அதை விளையாட இரண்டு வழி. வாங்கிய அக்கவுண்டில் நுழைந்தால் எந்தக் கொன்சோலிலும் விளையாடலாம், ஆனால் நெட் இருக்க வேண்டும். மற்றது, அந்த அக்கவுண்ட் தனக்கென்று குறித்துவைத்த ஒரே ஒரு பிஎஸ்5இல் யாரும் அவரவர் அக்கவுண்டிலேயே விளையாடலாம், நெட் இல்லாவிட்டாலும் ஓடும். பிஎஸ்4 காலத்தில் இதற்குப் பிரைமரி என்று பெயர். பிஎஸ்5இல் 'கொன்சோல் ஷேரிங் அண்ட் ஒஃப்லைன் பிளே' என்று நீட்டி முழக்கி வைத்திருக்கிறார்கள். எங்கள் வாயில் இன்னும் பிரைமரிதான்.

புது பிஎஸ்5இல் முதன்முதலாக நுழையும்போது இந்த வசதி தானாகவே அந்தக் கொன்சோலில் போடப்பட்டுவிடும். அப்படித்தான் என் அக்கவுண்டின் பிரைமரி உப்புவெளியில் ஒட்டிக்கொண்டது. மருமகனுக்கு என் பாஸ்வேர்டைக் கொடுத்து, என் பெயரிலேயே நுழைந்து விளையாடச் சொன்னேன். இதில் மூன்று தொல்லை. அங்கே நெட் விழுந்தால் பூட்டு. இரவில் நான் என் கொன்சோலைப் போட்டால் அவன் வெளியே தள்ளப்படுவான், ஏனென்றால் ஒரு அக்கவுண்ட் ஒரே நேரத்தில் இரண்டு பிஎஸ்5இல் நிற்காது. அப்புறம் அவன் கேமில் சாதித்து எடுத்த ட்ரொபிகள் (விருதுகள்) எல்லாம் என் கணக்கில். நான் தொட்டும் பார்க்காத கேமில் எனக்கு ஆக உயர்ந்த விருதான பிளாட்டினம் இருக்கிறது.

மாற்றுவதற்கு ஐந்து நிமிடம் போதும். செட்டிங்ஸ், யூசர்ஸ் அண்ட் அக்கவுண்ட்ஸ், அதற்குள் அதர் என்ற பகுதி. என் கொன்சோலில் அதை அணைத்துவிட்டு, அக்கா வீட்டுக் கொன்சோலில் என் அக்கவுண்டால் ஒருமுறை நுழைந்து போட்டேன். அதோடு மருமகன் தன் சொந்த அக்கவுண்டுக்குத் திரும்பிவிட்டான். மழை பெய்தாலும் அவனுக்குக் கேம் ஓடும். எனக்கு வீட்டில் ஃபைபர் இருக்கிறது, நான் வாங்கியவன், நெட் வழியாக எனக்கும் ஓடும். இருவரும் ஒரே கேமை ஒரே நேரத்தில் விளையாடலாம். ஆக, பிரைமரி போக வேண்டியது நெட் மோசமான வீட்டுக்கு. வாங்கியவர் வீட்டுக்கு என்று நினைப்பதுதான் எல்லோரும் செய்யும் பிழை.

சரி, எல்லாம் சுகம் என்று இருந்தபோது மகள் வந்து நின்றாள். அவளுடைய அக்கவுண்டில் ஒரு கேமும் திறக்கவில்லை. யோசித்தால் நியாயம்தான்: என் பிரைமரி சம்பூருக்குப் போய்விட்டதால், என் வீட்டில் என் கேம்கள் எனக்கு மட்டும்தான். இதற்கு மருந்து குறுக்குக் கட்டு. மருமகனின் அக்கவுண்டுக்கு உப்புவெளிக் கொன்சோலைப் பிரைமரியாக்கினோம். இப்போது அவன் வாங்கியது என் வீட்டில் எல்லோருக்கும், நான் வாங்கியது அவன் வீட்டில் எல்லோருக்கும். கேட்கச் சிரிப்பாக இருக்கும்: மகளுக்கு ஒரு கேம் வேண்டுமென்றால் மருமகனின் அக்கவுண்டில் வாங்க வேண்டும், மருமகனுக்கு வேண்டுமென்றால் என் அக்கவுண்டில். பிறந்தநாள் உடுப்பை மாமி வீட்டில் தைத்து வாங்குவது மாதிரி.

பிஎஸ் பிளஸ் சந்தாவும் இதே தடத்தில்தான் ஓடுகிறது. நான் கட்டும் சந்தாவில் மருமகன் தன் பெயரில் ஒன்லைனில் விளையாடுகிறான், மாதாந்தக் கேம்களும் அவனுக்குத் திறக்கின்றன. சேவ்களை இணையத்தில் சேமிக்கும் வசதி மட்டும் எனக்கே. கேமுக்குள் வாங்கும் காசு, பொயின்ட் போன்றவையும் வாங்கியவரோடு நின்றுவிடும். அவரவர் சேவ் அவரவருக்குத்தான், ஒருவர் விட்ட இடத்தில் இருந்து மற்றவர் தொடர முடியாது.

ஸ்டோர் (கேம் வாங்கும் இணையக் கடை) விஷயத்தில் மட்டும் கவனம். எங்கள் இரண்டு அக்கவுண்டும் அமெரிக்க ஸ்டோர். டொரொண்டோவில் இருந்து சின்னம்மாவின் மகன் ஆசையாக ஒரு கனடா கிஃப்ட் கார்ட் அனுப்பினான், ஏறவே இல்லை. கார்டும் அக்கவுண்டும் ஒரே நாடாக இருக்க வேண்டும். கேம் ஒரு நாட்டு ஸ்டோரிலும் அதன் கூடுதல் பகுதி வேறு நாட்டு ஸ்டோரிலும் வாங்கினால் இரண்டும் பொருந்தாமல் போகலாம் என்பதும் அதே வகைத் தலையிடி.

எக்ஸ்பொக்ஸில் அடிப்படை இதேதான், பெயர் 'ஹோம் எக்ஸ்பொக்ஸ்'. ஒரு வருடத்தில் 5 தடவைதான் மாற்றலாம். தம்பி வீட்டில் ஒரே கொன்சோல், அதையே ஹோம் ஆக்கி வைத்திருக்கிறான். அவன் கட்டும் கேம் பாஸ் (பல கேம்களைத் திறக்கும் மாதச் சந்தா) மனைவி, பிள்ளைகள் எல்லோருடைய அக்கவுண்டுக்கும் திறக்கிறது. ஒரே கூரைக்குள் பலர் என்றால் இதைவிட லேசானது இல்லை என்பேன். இன்னொரு நல்ல விஷயம், 'பிளே எனிவெயார்' என்று குறித்த கேம்களை ஒருதரம் வாங்கினால் விண்டோஸ் கணினியிலும் விளையாடலாம். உறுத்தியது விலை. கேம் பாஸ் அல்டிமேட் 2025 ஒக்டோபரில் அமெரிக்க விலைப்படி 19.99 டொலரில் இருந்து 29.99க்கு ஏறியது. மாதம் 10 டொலர் கூடுதல் என்றால் ரூபாவில் என்ன என்று தம்பி கணக்குப் பார்த்த அன்று இரவு அவன் விளையாடவில்லை. சீரீஸ் எஸ்ஸில் டிஸ்க் போடும் வாயும் கிடையாது, ஆகவே பழைய டிஸ்க் வாங்கித் தப்பவும் வழியில்லை.

எக்ஸ்பொக்ஸ் என்றதும் ஒரு பழைய கதை. 2013இல் எக்ஸ்பொக்ஸ் வன் வருவதற்கு முன், கொன்சோல் 24 மணித்தியாலத்துக்கு ஒருமுறை இணையத்தில் தலைகாட்டியே ஆக வேண்டும் என்று மைக்ரோசொஃப்ட் அறிவித்தது. அதே திட்டத்தில் குடும்பத்தில் 10 பேர் வரை கேம்களைப் பகிரும் வசதியும் இருந்தது. சனம் கொதிக்க, அந்த ஜூன் மாதமே இரண்டையும் கைவிட்டார்கள். சோனி அந்த நேரம் பார்த்து, 'கேம் பகிர்வது எப்படி' என்று ஒருவர் மற்றவர் கையில் டிஸ்க்கைக் கொடுக்கும் சின்ன வீடியோ ஒன்றை விட்டுக் கிண்டலடித்தது. 2022இல் 13 மணித்தியாலம் கரண்ட் போன நாட்களை நினைத்தால், அந்தச் சட்டம் வராமல் போனது எங்கள் பக்கத்துக்கு நல்லதாகத்தான் போயிற்று.

நின்டெண்டோ வேறு வழியில் போகிறது. 2025 ஏப்ரல் கடைசியில் வந்த அப்டேட்டோடு டிஜிட்டல் கேம்களை 'வேர்ச்சுவல் கேம் கார்ட்' ஆக்கிவிட்டார்கள். நூலகப் புத்தகம் மாதிரி: கார்ட் எந்தச் சுவிட்சில் ஏறியிருக்கிறதோ அங்கேதான் கேம். உங்களுக்கு இரண்டு சுவிட்ச் இருந்தால் ஒன்றில் இருந்து கார்டை எடுத்து மற்றதில் ஏற்றலாம். குடும்பக் குழுவில் (8 அக்கவுண்ட் வரை) ஒருவருக்கு ஒரு நேரத்தில் ஒரு கேம், 14 நாளைக்கு இரவல் கொடுக்கலாம். நாள் முடிந்தால் தானாகத் திரும்பி வரும், இரவல் வாங்கியவரின் சேவ் அவரிடமே இருக்கும்.

இரவல் கொடுக்கும்போது இரண்டு சுவிட்சும் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும் என்பதுதான் விதி. லிங்கநகருக்கும் உப்புவெளிக்கும் இது பிரச்சினையே இல்லை. ஞாயிறு மத்தியானம் சாப்பாடு முடிந்ததும் இரண்டு பேரும் விறாந்தையில் சுவிட்சுகளைத் தலைக்குத் தலை வைத்துக்கொண்டு குந்தியிருப்பார்கள். டொரொண்டோவில் இருப்பவனோடு இந்த விளையாட்டு நடக்காது. ஒரு வாங்கலில் இருவரும் ஒரே நேரத்தில் விளையாடுவதும் இரவலில் இல்லை. வாங்கிய அக்கவுண்டுக்கு மட்டும் கார்ட் இல்லாமலே நெட் வழியாகத் திறக்கும் 'ஒன்லைன் லைசென்ஸ்' என்ற தெரிவு உண்டு. ஆனால் சின்னப் பிள்ளைகளுக்கு இந்த இரவல் முறைதான் சரி என்று நினைக்கிறேன், பாஸ்வேர்ட் கைமாறவே தேவையில்லை. ஒன்று சொல்ல வேண்டும்: பிளேஸ்டேஷனிலும் எக்ஸ்பொக்ஸிலும் 'ஃபேமிலி' என்று இருப்பது பிள்ளைகளின் நேரத்தையும் செலவையும் கட்டுப்படுத்தத்தான். அதில் ஆளைச் சேர்த்ததால் கேம் பகிரப்படாது. பலர் அங்கேதான் மணிக்கணக்காகத் தேடிக்கொண்டிருக்கிறார்கள்.

டிஸ்க் இன்னும் சாகவில்லை. கிண்ணியாப் பாலத்தைத் தாண்டி மூதூர் பஸ்ஸில் ஒரு டிஸ்க்கைக் கொடுத்துவிடுவது, சம்பூர் ரவுட்டரில் 100 ஜிபி இறக்குவதைவிட விரைவு. பாஸ்வேர்ட் வேண்டாம், முடிந்ததும் விற்கலாம். கீறல் விழும், திரும்பி வர மாதமாகும், அது வேறு. சுவிட்ச் 2க்கு வரும் 'கேம் கீ கார்ட்'டைப் பார்த்து ஏமாற வேண்டாம். கார்ட் மாதிரியே இருக்கும், உள்ளே கேம் இருக்காது, முதலில் நெட்டில் இறக்க வேண்டும். ஆனால் இரவல் கொடுக்கலாம், விற்கவும் செய்யலாம். பெரிய டிஜிட்டல் கேம்களுக்கு நாங்கள் கண்டுபிடித்த வழி இன்னும் முரட்டுத்தனமானது: பள்ளிக்கூட விடுமுறைக்கு வரும்போது மருமகன் கொன்சோலையே துவாயில் சுற்றிப் பையில் போட்டுக்கொண்டு வருவான். என் ஃபைபரில் எல்லாவற்றையும் இறக்கிக்கொண்டு போவான். பிரைமரி அந்தக் கொன்சோலில்தானே, வீட்டுக்குப் போனதும் நெட் இல்லாமலே ஓடும்.

'அரை அக்கவுண்ட்' என்று பிரைமரி உரிமையை மட்டும் விற்பவர்களிடம் மட்டும் போகாதீர்கள். என் சிநேகிதன் ஒருவன் முகம் தெரியாத ஆளிடம் 3,500 ரூபாவுக்குப் பிரைமரி உரிமையோடு ஒரு கேம் வாங்கினான். இரண்டு மாதம் நன்றாக ஓடியது. பிறகு பூட்டு. விற்றவர் அதே அக்கவுண்டை வேறு ஒருவருக்கும் கொடுத்து, பழைய கொன்சோலை இணையம் வழியாக நீக்கிவிட்டார். அப்படி எல்லாக் கொன்சோலையும் ஒரேயடியாக நீக்க 6 மாதத்துக்கு ஒருமுறை இடமுண்டு. அக்கவுண்டை மற்றவருக்குக் கொடுப்பது நிறுவன விதிகளுக்கும் எதிர், ஆகவே முறைப்பாடு செய்யவும் வாய் வராது. குறுக்குக் கட்டில் நீங்கள் மற்றவர் கொன்சோலில் ஒருமுறை நுழைந்தே ஆக வேண்டும், வங்கி அட்டை விபரம் ஏறியிருந்தால் அதுவும் அங்கே நிற்கும். வீட்டுச் சாவியைக் கொடுக்கத் தயங்காத ஆளோடு மட்டும்தான் நான் இதைச் செய்வேன். அட்டை விபரத்தை அழித்துவிட்டு, கிஃப்ட் கார்டால்தான் காசு ஏற்றுகிறோம்.

எது யார் பெயரில் என்று மறக்காமல் இருக்க அக்கா ஒரு சி.ஆர். கொப்பியில் கோடு கீறி எழுதி வைத்திருக்கிறார். இடது பக்கம் என் அக்கவுண்ட், வலது பக்கம் மருமகனுடையது. இப்போது மாட்டிக்கொண்டு நிற்பது ஒரு கால்பந்துக் கேம், மகளுக்கும் வேண்டுமாம், மருமகனுக்கும் வேண்டுமாம். மருமகனின் அக்கவுண்டில் வாங்கினால் மகளுக்குத் திறக்கும், ஆனால் சம்பூரில் நெட் விழும்போது வாங்கியவனுக்கே பூட்டு. என்னுடையதில் வாங்கினால் அவனுக்கு மழையிலும் ஓடும், மகள் என் பெயரில் நுழைந்து என் ட்ரொபிகளைக் கலக்குவாள். கொப்பியில் அந்த வரி இன்னும் வெறுமையாகக் கிடக்கிறது. மாரி தொடங்குமுன் ஒரு முடிவு சொல்லச் சொல்லி மருமகன் நேற்றும் கோல் எடுத்தான்.