பழைய நோக்கியாவுக்கு இன்றும் ஃபீனிக்ஸ்தான்

தர்மபுரியில் செல்போன் சர்வீஸ் கடை வைத்திருக்கிறேன். பென்னாகரம், பாலக்கோடு பக்கத்துப் பெரியவர்கள் இன்றும் பழைய நோக்கியாவைத்தான் கொண்டுவருகிறார்கள். 2ஜி சிக்னல் இருக்கிறவரை அதை விட மனசு வராது அவர்களுக்கு. அந்த செட்டுகளுக்கு சாஃப்ட்வேர் போட நான் பல வருஷமாக நம்புவது ஃபீனிக்ஸ். நோக்கியா தன் சர்வீஸ் சென்டர்களுக்காகக் கொண்டுவந்த கம்ப்யூட்டர் புரோகிராம் அது. இதற்கென்றே விண்டோஸ் 7 லேப்டாப் ஒன்றைத் தனியாக வைத்திருக்கிறேன்.

இதில் எனக்கு ரொம்பப் பிடித்தது ‘டெட் போன் யூஎஸ்பி’ வசதி. ஆன் ஆகாத செட்டுக்கும், பாக்ஸ் (சாஃப்ட்வேர் ஏற்றும் தனிக் கருவி) இல்லாமல், சாதாரண டேட்டா கேபிளிலேயே சாஃப்ட்வேர் ஏறும். சமீபத்தில் ஒரு நோக்கியா 5233 வந்தது. வெள்ளைத் திரை வரும், அணையும், திரும்ப வரும். பச்சை, சிவப்பு, கேமரா, பவர் நாலையும் சேர்த்து அமுக்கி ரீசெட் போட்டும் அசையவில்லை. அந்த செட்டின் வகை எண்ணான ஆர்எம்-625-க்குரிய சாஃப்ட்வேர் ஃபைலை எடுத்து, டெட் போன் கட்டத்தில் டிக் வைத்து ஆரம்பித்தேன். பவர் பட்டனை அமுக்கச் சொல்லும். லேசாக ஒரு தட்டு போதும். கீழே வரி வரியாக ஓடத் தொடங்கும். அது முடிகிறவரை கேபிள் பக்கம் கை போகக்கூடாது. முடிந்ததும் கை கோக்கும் படம் வந்து, தேதி கேட்டது. அந்த நிமிஷ சந்தோஷம் இன்னும் எனக்குக் குறையவில்லை.

மாடல் பெயரை வைத்து ஃபைல் எடுக்காதீர்கள். பேட்டரிக்கு அடியில் ஸ்டிக்கரில் இருக்கும் ஆர்எம் நம்பரையும் ப்ராடக்ட் கோடையும் பாருங்கள். ஆர்எம் ஒன்றாக இருந்தாலும் கோடு மாறினால் மொழி மாறும். வெளிநாட்டு செட்டில் தமிழ் வராததற்குப் பெரும்பாலும் இதுதான் காரணம்.

பேட்டரி விஷயமும் முக்கியம். 5233, 5800 இரண்டும் யூஎஸ்பியில் சார்ஜ் ஆகாது. சாஃப்ட்வேர் ஏறும்போது பாதியில் பேட்டரி செத்தால் வேலை இரட்டிப்பு. பிஎல்-5ஜே பேட்டரியை முதலில் நிறைய ஏற்றிவிடுவேன்.

மீடியாடெக் சிப் உள்ள செட்டுகளுக்கு சாஃப்ட்வேர் போட எஸ்பி ஃபிளாஷ் டூல் என்ற புரோகிராம் வைத்திருக்கிறேன். அதில் ‘ஃபார்மேட் ஆல்’ கொடுத்தால், ஒவ்வொரு போனுக்கும் உரிய தனி அடையாள எண்ணான ஐஎம்இஐயும் சேர்ந்து அழிந்துபோகும். ஃபீனிக்ஸில் சாஃப்ட்வேர் போட்டால் ஐஎம்இஐ அப்படியே இருக்கும். எனக்கு அது பெரிய நிம்மதி.

“ஏப்பா, நம்பரெல்லாம் இருக்குமா?” என்றுதான் எல்லாரும் முதலில் கேட்பார்கள். சிம்மிலும் மெமரி கார்டிலும் இருப்பது இருக்கும். போனிலேயே சேமித்தது போய்விடும். அதைச் சொல்லி, அவர்கள் சரி என்ற பிறகுதான் கேபிளைச் செருகுவேன்.