சனி மூன்று மணி ஆட்டத்துக்கு எந்த ரேடியோ? 5 லைவ், டாக்ஸ்போர்ட், கிளப் வர்ணனை: ஒரு மதிப்பீடு

பிரிட்டனில் சனிக்கிழமை பிற்பகல் 2.45க்கும் 5.15க்கும் இடையில் லீக் கால்பந்து ஆட்டங்களை டிவியில் நேரலையாகக் காட்டுவதில்லை. 1960களில் பர்ன்லி கிளப்பின் தலைவராக இருந்த பாப் லார்ட் மற்ற கிளப்களைச் சம்மதிக்கவைத்துக் கொண்டுவந்த ஏற்பாடு இது. பெரிய ஆட்டம் வீட்டிலேயே கிடைத்துவிட்டால் சின்ன ஊர்களின் மைதானத்தில் கூட்டம் சேராது என்பது அவர் வாதம். ரேடியோவுக்கு இந்தத் தடை கிடையாது. 2025-26 சீசனில் தொடங்கிய ஒப்பந்தப்படி பிரீமியர் லீக்கின் 380 ஆட்டங்களில் குறைந்தது 215 ஸ்கைக்கும், 52 டிஎன்டிக்கும் போகின்றன; இரண்டும் கட்டண டிவி நிறுவனங்கள். மிஞ்சும் நூற்றுச் சொச்சம் ஆட்டங்களை மைதானத்துக்குப் போகாமல் நேரடியாகப் பின்தொடர ரேடியோதான் வழி. அவற்றில் பெரும்பாலானவை சனி மூன்று மணி ஆட்டங்கள்.

லண்டனில் சனிக்கிழமை கடையில் நிற்கிறவர்கள், பெட்ரோல் ஸ்டேஷன் பார்க்கிறவர்கள், டெலிவரி வேன் ஓட்டுகிறவர்கள் என்று நம் ஆட்கள் நிறையப் பேர் அந்த நேரத்தில் வேலையில்தான் இருப்பார்கள். அவர்களுக்குக் கண் வேறு வேலை செய்யும்போது காதுக்கு ஆட்டம் வேண்டும். அதற்கு எந்த நிலையம், எந்த வழி சரி என்பதைத்தான் இங்கே பார்க்கிறோம்.

முதலில் பிபிசி ரேடியோ 5 லைவ். 1994 மார்ச்சில் தொடங்கிய செய்தி, விளையாட்டு நிலையம். ரேடியோ வர்ணனையை எடைபோட எங்களிடம் மூன்றே கேள்விகள்: பந்து இப்போது எங்கே இருக்கிறது, ஸ்கோர் என்ன, எத்தனையாவது நிமிடம். நடுவில் வந்து கேட்கிறவருக்கு இந்த மூன்றும் ஒரு நிமிடத்துக்குள் கிடைக்க வேண்டும். ஜான் மரே, இயன் டென்னிஸ், கானர் மக்னமாரா, அலிஸ்டர் புரூஸ்-பால் ஆகியோர் இதில் தேர்ந்தவர்கள். ஆட்டம் தொடங்கும்போதே எந்த அணி எந்த நிற ஜெர்சி, இடமிருந்து வலமாகத் தாக்குவது யார் என்று சொல்லிவிடுவார்கள். அதைக் கவனமாகக் கேட்டு மனதில் ஒரு செவ்வகம் போட்டுக்கொண்டால் அடுத்த தொண்ணூறு நிமிடமும் குழப்பம் வராது. இடைவேளைக்குப் பிறகு திசை மாறும்; பலர் தடுமாறுவது அங்கேதான்.

இந்தச் சிக்கல் ரேடியோ வர்ணனையோடு கூடப் பிறந்தது. பிபிசி முதன்முதலில் நேரடியாக வர்ணித்த லீக் ஆட்டம் 1927 ஜனவரி 22 அன்று ஆர்சனலின் பழைய மைதானமான ஹைபரியில் ஆர்சனலும் ஷெஃபீல்டு யுனைடெடும் மோதியது. 1-1 என்று முடிந்தது. வர்ணித்தவர் டெடி வேக்லம். கேட்பவர்களுக்காக ரேடியோ டைம்ஸ் இதழ் மைதானத்தின் படத்தை எண்ணிட்ட கட்டங்களாகப் பிரித்து அச்சிட்டது. வேக்லம் ஆட்டத்தைச் சொல்லிக்கொண்டே போக, பக்கத்தில் இன்னொரு குரல் பந்து நிற்கும் கட்டத்தின் எண்ணைச் சொல்லும். இன்று கட்டம் இல்லை. அந்த வேலையையும் வர்ணனையாளர் ஒருவரே செய்ய வேண்டியிருக்கிறது. அதைச் செய்யாமல் வெறும் உற்சாகத்தை மட்டும் கொட்டுகிறவர் ரேடியோவுக்கு ஆகமாட்டார்.

5 லைவின் பெரிய குறை, சனி மூன்று மணிக்கு முழு வர்ணனை பொதுவாக ஒரே ஒரு ஆட்டத்துக்குத்தான். உங்கள் அணி அதில் இல்லையென்றால் மற்ற மைதானங்களிலிருந்து வரும் அரை நிமிட அறிக்கைகளோடு திருப்திப்பட வேண்டும். கோல் விழுந்தால் உடனே அங்கே போவார்கள். ஆனால் உங்கள் அணி இருபது நிமிடம் அழுத்தம் கொடுத்தும் கோல் வராத ஆட்டம் உங்கள் காதுக்கு எட்டவே எட்டாது. ஆகவே வெள்ளிக்கிழமையே நிலையத்தின் நிகழ்ச்சி அட்டவணையைப் பார்த்துவிடுங்கள். இரண்டாவது ஆட்டம் 5 ஸ்போர்ட்ஸ் எக்ஸ்ட்ராவுக்குப் போகலாம். அது டிஜிட்டலில் மட்டும் வரும் துணை நிலையம். கிரிக்கெட் நடந்தால் கிரிக்கெட்டுக்குத்தான் முதலிடம். ஸ்மார்ட் ஸ்பீக்கரிடம் 5 லைவ் என்று மட்டும் கேட்டால் முதன்மை நிலையம்தான் வரும். துணை நிலையம் வேண்டுமானால் முழுப் பெயரைச் சொல்ல வேண்டும்.

இனி ரேடியோப் பெட்டி விஷயம். 5 லைவ் எஃப்எம்மில் கிடையாது. இது தெரியாமல் எஃப்எம் முழுக்கத் தேடி, பெட்டி பழுது என்று முடிவுகட்டுகிறவர்கள் உண்டு. மீடியம் வேவில் (ஏஎம்) 693, 909 கிலோஹெர்ட்ஸ் இரண்டிலும் ஒரே நிகழ்ச்சிதான். லண்டனுக்கு புரூக்மன்ஸ் பார்க் நிலையத்திலிருந்து 909, மிட்லண்ட்ஸுக்கு டிராய்ட்விச்சிலிருந்து 693, வட இங்கிலாந்தின் பெரும்பகுதிக்கு மூர்சைட் எட்ஜிலிருந்து 909. வேனில் ஊர் விட்டு ஊர் போகிறவர்கள் இரண்டையும் இரண்டு பட்டன்களில் பதிந்து வைத்துக்கொள்ள வேண்டும். ஒன்று தேயத் தொடங்கும்போது மற்றதற்குத் தாவலாம்.

மீடியம் வேவில் இரைச்சல் வந்தால் பெட்டியைக் குறை சொல்லும் முன் சுற்றிலும் பாருங்கள். மலிவான எல்ஈடி விளக்கு, போன் சார்ஜர், லேப்டாப் அடாப்டர், கடையின் குளிர்பெட்டி இவைதான் வழக்கமான குற்றவாளிகள். ஒவ்வொன்றாக அணைத்துப் பார்த்தால் ஐந்து நிமிடத்தில் ஆள் அகப்பட்டுவிடும். பெட்டியை மின்சாரத்தில் போடாமல் பேட்டரியில் ஓட்டினாலே பாதி இரைச்சல் போய்விடும். மீடியம் வேவுக்கான ஆண்டெனா பெட்டிக்குள் கிடைமட்டமாக இருக்கும் ஃபெரைட் குச்சி; வெளியே இழுக்கும் கம்பிக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. குச்சியின் முனை டிரான்ஸ்மிட்டரைப் பார்த்தால் ஒலி மங்கும், பக்கவாட்டு பார்த்தால் தெளியும். எனவே பெட்டியை மேசையில் வைத்தபடி மெதுவாக அரை வட்டம் சுற்றுங்கள். ஒலி தெளியும் இடத்தில் விடுவது ஒரு முறை. இரைச்சல் அடியோடு மறையும் கோணத்தில் விடுவது இன்னொரு முறை. லண்டன் போல சிக்னல் பலமான ஊரில் இரண்டாவதுதான் நன்றாக வேலை செய்யும். கடையில் இரும்பு அலமாரிக்கு நடுவே வைக்காமல் கண்ணாடிப் பக்கம் வையுங்கள். குளிர்காலத்தில் நாலு மணிக்கே இருட்டிவிடுவதால், இரண்டாம் பாதியில் தூரத்து நிலையங்களின் ஒலி வானிலிருந்து திரும்பி வந்து கலக்கும். குரல் ஏறி இறங்குவது அதனால்தான், பெட்டியில் பழுதில்லை.

இத்தனை தொல்லை இருந்தும் மீடியம் வேவை நாங்கள் விடச் சொல்லாததற்குக் காரணம் ஒன்றே: தாமதம் மிகக் குறைவு. டிஜிட்டல் ரேடியோவான டிஏபி பெட்டியில் ஓரிரு வினாடிகள் முதல் நாலைந்து வினாடிகள் வரை பின்தங்கும். போனில் இணையம் வழியாகக் கேட்கும் ஆப்பில் அரை நிமிடம் சாதாரணம். ஒரு நிமிடம்கூட ஆகலாம். மைதானத்துக்குள் உட்கார்ந்து காதில் வர்ணனை கேட்க விரும்புகிறவருக்கு ஆப் சுத்தமாகப் பயன்படாது. கோல் விழுந்து, கொண்டாடி, பந்து நடுக்கோட்டுக்கு வந்த பிறகுதான் காதில் கார்னர் எடுத்துக்கொண்டிருப்பார்கள். ஆனால் இது நெடுநாள் ஏற்பாடல்ல. 5 லைவின் மீடியம் வேவ் ஒலிபரப்பை 2027 டிசம்பருக்குள் நிறுத்துவதாக பிபிசி திட்டம் வைத்திருக்கிறது. இப்போது புதிதாகப் பெட்டி வாங்குகிறவர் டிஏபியை மனதில் வைத்துத்தான் வாங்க வேண்டும்.

அங்கேயும் ஒரு எச்சரிக்கை. கடையில் கிடைக்கும் டிஏபி பெட்டிகள் பலவற்றில் எஃப்எம் உண்டு, மீடியம் வேவ் இல்லை. அட்டைப்பெட்டியில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துவிட்டு வாங்குங்கள். டிஏபியின் புதிய வடிவமான டிஏபி பிளஸ் வசதியும் கட்டாயம் வேண்டும். பழைய பெட்டிகளில் அது இல்லாததால் சில நிலையங்கள் பட்டியலில் வந்தும் ஒலிக்காது. டிஏபிக்கு வெளிக்கம்பிதான் ஆண்டெனா. அதை முழுக்க இழுத்து, செங்குத்தாக நிறுத்துங்கள். சிக்னல் போதாதபோது மீடியம் வேவ் போல மெல்லத் தேயாது. குமிழி உடையும் சத்தம் வந்து சட்டென்று நின்றுவிடும். கடையின் நிலவறைக்கு டிஏபி ஒத்துவராது. பேட்டரியையும் டிஏபி வேகமாகத் தின்னும். சின்ன மீடியம் வேவ் பெட்டி ஒரு ஜோடி பேட்டரியில் வாரக்கணக்கில் ஓடும் இடத்தில் டிஏபிக்கு ரீசார்ஜ் செய்யும் பேட்டரி பேக் இருப்பது நல்லது. வீட்டில் டிவி இருந்தால் ஃப்ரீவியூ என்ற இலவச டிவி சேவையில் 705 போட்டாலே 5 லைவ் வரும், துணை நிலையம் 706.

டாக்ஸ்போர்ட் பற்றி. 2000 ஜனவரியிலிருந்து இந்தப் பெயரில் இயங்கும் தனியார் நிலையம். மீடியம் வேவில் 1053, 1089, ஃப்ரீவியூவில் 723. டிராய்ட்விச்சில் அதன் 1053 டிரான்ஸ்மிட்டர் 500 கிலோவாட். 5 லைவின் 693 அங்கே 150 கிலோவாட். காரில் போகும்போது டாக்ஸ்போர்ட் தெளிவாகவும் 5 லைவ் மங்கலாகவும் கேட்டால் இதுவும் ஒரு காரணம். ஒலிபரப்பு உரிமையை இரண்டு நிலையங்களும் பங்குபோட்டு வைத்திருப்பதால் உங்கள் அணியின் ஆட்டம் ஒரு வாரம் இங்கே, மறு வாரம் அங்கே என்று வரும். ஒன்றை மட்டும் நம்பியிருக்க முடியாது. ஜிம் ப்ரௌட்ஃபுட் எந்த நிலையத்திலும் முதல் வரிசையில் வைக்கத்தக்க வர்ணனையாளர். அவர் வர்ணிக்கும் நாளில் தயங்காமல் இங்கே வாருங்கள். ஆனால் ஆட்டத்துக்கு முன்னும் இடைவேளையிலும் விளம்பரம் நிறைய. சூதாட்ட நிறுவனங்களின் விளம்பரமும் அதில் உண்டு. குழந்தைகள் இருக்கும் வீட்டில் அது எங்களுக்கு உறுத்துகிறது. பிபிசியில் அந்தத் தொல்லை இல்லை.

ஒரே அணியை மட்டும் விடாமல் தொடர வேண்டும் என்றால், லண்டனுக்கு வெளியே இருப்பவர்களுக்கு எங்கள் முதல் பரிந்துரை பிபிசியின் உள்ளூர் நிலையம்தான். நியூகாசில் ரசிகருக்கு பிபிசி ரேடியோ நியூகாசில் 95.4 எஃப்எம், லிவர்பூல், எவர்டன் ரசிகருக்கு பிபிசி ரேடியோ மெர்சிசைடு 95.8. தேசிய நிலையம் இரு அணிக்கும் பொதுவாகப் பேசும். உள்ளூர் வர்ணனையாளர் அணியின் அகாடமியிலிருந்து வந்த பையனின் பெயர்வரை தெரிந்து பேசுவார். எஃப்எம் என்பதால் இரைச்சலும் குறைவு, தாமதமும் குறைவு. லண்டனில் பிரீமியர் லீக் கிளப்களே பல இருப்பதால் ஒரே உள்ளூர் நிலையத்தால் எல்லோரையும் திருப்திப்படுத்த முடியாது. ஆர்சனல் ரசிகர் ஒவ்வொரு வாரமும் தேடித்தான் ஆக வேண்டும்.

ஆப்பில் கேட்கிறவர்கள் செய்ய வேண்டியவை சில. போனில் கோல் அறிவிப்புகளை அணைத்துவிடுங்கள். அவை ஒலிக்கு முன்னால் வந்து ஆட்டத்தைக் கெடுக்கும். குடும்ப வாட்ஸப் குழுவையும் இரண்டு மணி நேரம் மௌனமாக்குங்கள். இணையம் ஒருமுறை தடங்கினால் ஆப் விட்ட இடத்திலிருந்தே தொடரும், தாமதம் கூடிக்கொண்டே போகும். நிறுத்தி, நேரலைப் பட்டனை மறுபடி அழுத்தினால் சரியாகும். 96 கிலோபிட் தரத்தில் மணிக்குச் சுமார் 43 மெகாபைட் செலவாகும். பேச்சுக்கு அந்தத் தரமே தாராளம்.

டிவியில் வரும் ஆட்டத்துக்குப் படத்தை மட்டும் வைத்துக்கொண்டு 5 லைவ் குரலைக் கேட்க நினைப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். மீடியம் வேவும் டிஏபியும் பொதுவாக டிவியைவிட முன்னால் ஓடும்; பெரும்பாலான பெட்டிகளில் அவற்றைத் தாமதப்படுத்த வழியில்லை. ஆப் பின்னால் ஓடுவதுதான் இங்கே வசதி. தொடக்க விசில் டிவியில் ஊதியதும் படத்தை நிறுத்துங்கள், ஆப்பில் அதே விசில் கேட்டதும் ஓடவிடுங்கள். படமும் குரலும் பொருந்திவிடும்.

மாலை ஐந்து மணிக்கு 5 லைவில் ஸ்போர்ட்ஸ் ரிப்போர்ட். 1948 ஜனவரியிலிருந்து வருகிற நிகழ்ச்சி. 1974 முதல் 2013 வரை முடிவுகளை வாசித்த ஜேம்ஸ் அலெக்சாண்டர் கார்டன், அணிகளின் பெயரைச் சொல்லும் குரல் ஏற்ற இறக்கத்திலேயே வென்றது யார் என்று உணர்த்திவிடுவார். அந்தத் தரத்துக்கு இன்னொருவர் வரவில்லை.

பிரிட்டனுக்கு வெளியே இருப்பவர்களுக்கு நிலைமை வேறு. 5 லைவின் இணைய ஒலியில் பிரீமியர் லீக் வர்ணனை வரும் நேரத்தில் உரிமை காரணமாகத் தடுத்துவிடுவார்கள். சென்னையிலோ யாழ்ப்பாணத்திலோ இருக்கும் ரசிகருக்கு இரண்டு வழிகள். ஒன்று, வார இறுதியில் பிபிசி உலக சேவையின் ஸ்போர்ட்ஸ்வேர்ல்டு; ஆட்டத்தை அவர்கள் தேர்ந்தெடுப்பார்கள், உங்கள் அணி வராமல் போகலாம். இரண்டு, கிளப்பின் சொந்த ஆப். ஆர்சனல் உட்படப் பல கிளப்கள் தங்கள் ஆட்டங்களுக்கு நேரடி ஒலி வர்ணனை தருகின்றன. சில கிளப்களில் பெயர் பதிந்தால் போதும், சிலவற்றில் சந்தா கேட்பார்கள். ஆட்ட நாளுக்கு முன்பே கணக்குத் திறந்து சோதித்துவிடுங்கள். ஆர்சனலின் வர்ணனையில் முன்னாள் வீரர் ஏட்ரியன் கிளார்க் ஆட்ட நுணுக்கத்தை விளக்குவது நன்றாக இருக்கும். கிளப் வர்ணனையில் நடுநிலை எதிர்பார்க்கக் கூடாது. உங்கள் அணிக்கு எதிரான பெனால்டி நியாயமா என்று தெரிய வேண்டுமானால் பிறகு வேறு இடத்தில்தான் கேட்க வேண்டும்.

நேரக் கணக்கு: பிரிட்டனின் மாலை மூன்று மணி, அக்டோபர் கடைசி ஞாயிறு முதல் இந்தியாவுக்கும் இலங்கைக்கும் இரவு 8.30. மார்ச் கடைசி ஞாயிறு முதல் 7.30.