இதோயிகவா: தனிக் காரா, ரயிலா?

ஜப்பானின் இதோயிகவாவில் அரை நாள்தான் இருக்கிறது என்றால், வழிகாட்டியோடு தனிக் கார் எடுப்பதே மேல் என்பேன். காரணம், ஃபோஸா மாக்னா (ஜப்பானின் நடுவே குறுக்காக ஓடும் பெரும் நிலப்பள்ளம்) பூங்காவில் அதன் மேற்கு ஓரத்துப் பிளவுக்கோடு, அதாவது நிலம் பிளந்த கோடு, வெளியே தெரியும் இடம். மேற்கே பல கோடி ஆண்டுப் பழைய பாறை, கிழக்கே ஏறக்குறைய 1.6 கோடி ஆண்டுப் பாறை. நடுவே நொறுங்கிக் குழைந்த ஒரு பட்டை. எது எந்தப் பக்கம் என்று ஒருவர் விரல் நீட்டிக் காட்டினால்தான் கண்ணுக்குப் பிடிபடும். ஓய்தோ ரயில் பாதையில், பூங்காவுக்குப் பக்கத்து நிலையமான நெச்சி வரை ரயிலிலும் போகலாம். ஆனால் நாளுக்குச் சில ரயில்கள்தான். ஒன்றைத் தவறவிட்டால் அரை நாள் போச்சு.

சரி, செலவு? கார் கையைக் கடிக்கும். தனியாகப் போகிறவர்கள் பூங்காவை விட்டுவிட்டு, ஷின்கான்சென் (அதிவேக ரயில்) நிலையத்திலிருந்து ஃபோஸா மாக்னா அருங்காட்சியகத்துக்கு மட்டும் போய்வரலாம். பக்கத்திலேயே சோஜகஹரா: ஜப்பானின் கற்கால மக்களான ஜோமோன் மக்கள் சுமார் 5,000 ஆண்டுகளுக்கு முன் ஜேட் என்ற பச்சைக் கல்லை மணிகளாக்கிய ஊர். இங்கத்திய ஜேட் வடக்கே அவோமோரியின் சன்னாய் மருயாமா என்ற ஜோமோன் ஊர் வரை போயிருக்கிறது! சோஜகஹராவில் பழையபடி மீட்டுக் கட்டிய கூரை வீடுகளுக்குள் நிதானமாக உட்கார வேண்டுமானால், கடிகாரம் பார்க்கும் வழிகாட்டி இல்லாததே நல்லது.