நீர்வண்ணமா, அக்ரிலிக்கா: பண்ணைக் கடலை வரைய

சோளகம் என்னும் தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில் யாழ்ப்பாணத்துப் பண்ணைக் கடற்கரையில் இருந்து வரைய நீர்வண்ணம்தான் கடினம். வானத்துக்குப் பூசிய ஈரம் பாதியிலேயே காய்ந்து விளிம்புக்கோடு விழும். சதுர மீட்டருக்கு 300 கிராம் எடையுள்ள பருத்தித்தாளை இரு பக்கமும் நனைத்துப் பலகையில் படியவிட்டால் ஈரம் கூடுதல் நேரம் நிற்கும். யாழ்ப்பாணத்துக் கிணற்றுநீர் சுண்ணாம்புக்கல்லில் ஊறி வருவதால் அதில் சுண்ணாம்பு கலந்திருக்கும். கொதிக்கவைத்து ஆறவிட்டுத் தெளிவை மட்டும் எடுங்கள். மழைநீர் இன்னும் நல்லது. காய்ந்தால் நிறம் வெளிறும், ஆகவே ஒரு படி அழுத்தமாகப் பூசுங்கள். வெள்ளை என்பது தாளேதான். அலையின் மினுக்கத்தை எங்கே விடுவது என்று தூரிகை தொடுமுன்னரே முடிவெடுக்க வேண்டும்; அந்த நேரத்தில்தான் கடலை உண்மையாகப் பார்க்கிறோம்.

அக்ரிலிக் காய்ந்தால் சற்றுக் கறுக்கும். பிழைத்த இடத்தில் மேலே பூசலாம், அதுவே அதன் பலம். ஆனால் காற்றில் தட்டிலேயே தோல் பிடிக்கும்: நனைத்த துணிமேல் பேக்கிங் தாள் விரித்து அதில் கலவுங்கள். தூரிகையில் காய்ந்துவிட்டால் தண்ணீரில் கரையாது, உடனுக்குடன் கழுவுங்கள்.

நல்லூர்க் கந்தசுவாமி கோயில் கோபுரத்தின் அடர்ந்த பொன்னிறத்துக்கு அக்ரிலிக் பொருந்தும். பண்ணையின் ஆழமற்ற நீருக்கு எங்கள் தெரிவு நீர்வண்ணமே. தாளின் வெண்மை அடியிலிருந்து ஒளிர்வதை வேறெதிலும் அவ்வளவு வடிவாகக் கொண்டுவர முடியாது.