லாங்போர்டு படமெடுப்பவரின் கையில் கோப்ரோ ஹீரோ 12 பிளாக்

மலைச்சாலையில் லாங்போர்டில் (நீளமான ஸ்கேட்போர்டு) இறங்குகிறவரைப் படமெடுக்க வேண்டுமானால், பெரும்பாலும் அவர் பின்னாலேயே இன்னொரு போர்டில் நாமும் இறங்கியாக வேண்டும். வளைவில் சறுக்கும்போது கையுறை உள்ளங்கையில் பதித்த பிளாஸ்டிக் வில்லை தாரில் உரச ஒரு கை தரைக்குப் போய்விடும். கேமராவுக்கு மிஞ்சுவது மற்றொரு கைதான். 2023 செப்டம்பரில் வெளியான கோப்ரோவின் சிறு கேமராவான ஹீரோ 12 பிளாக்கை அந்த ஒற்றைக் கையை வைத்தே மதிப்பிடுகிறேன்.

எடை 154 கிராம். அடிப்பகுதியிலேயே ட்ரைபாட் திருகுமரை இருப்பதால், குட்டைக் கைப்பிடியை நேரடியாகத் திருகிக்கொள்ளலாம்.

இதில் நான் பெரிதும் மதிப்பது ஹொரைசன் லாக் வசதியை. முன்னால் போகிறவர் வளைவில் சாயும்போது பின்தொடரும் நாமும் சாய்கிறோம், கேமராவும் சாய்கிறது. அதனால் திரையில் அவர் விறைப்பாக நிற்பது போலவும் சாலைதான் சரிந்து கிடப்பது போலவும் தெரியும். தொடுவானத்தை மட்டமாக நிறுத்தியதும், முழங்கால் மடங்கி உடல் தரையை நோக்கித் தாழும் அந்தச் சாய்வு உள்ளபடி புலப்படுகிறது. ஆனால் நடுக்கம் நீக்கும் ஹைப்பர்ஸ்மூத்தை உச்சத்தில் வைக்க வேண்டாம் என்பேன். கரடுமுரடான தாரில் சக்கரம் அதிர்வதையெல்லாம் அது வழித்தெடுத்துவிட, மயிர்க்கூச்செறிய வேண்டிய ஓட்டம் பூங்கா உலாவாகிவிடுகிறது.

பெரிய குறை, ஓட்டத்தின் வேகத்தைக் காட்சியோடு பதிய உதவும் ஜிபிஎஸ் இல்லாதது. ஹீரோ 11இல் இருந்ததை இதில் எடுத்துவிட்டு, 2024இல் ஹீரோ 13இல் திருப்பிக் கொடுத்தார்கள். கியூபெக்கின் லே எபூல்மானில் 2017இல் பீட் கானலி எட்டிய மணிக்கு 146.73 கி.மீ. சாதனையை இன்றும் பேசும் விளையாட்டு இது. ஓட்டக் காட்சியின் மூலையில் வேகத்தை ஓடவிட நினைப்பவர், ஓட்டுநரின் கைக்கடிகாரப் பதிவை எடுத்துத் தொகுப்பில் கையால் பொருத்த வேண்டியிருக்கும். (அரை நொடி பிசகினாலும் ஓட்டுநர்கள் கண்டுபிடித்துவிடுவார்கள்.)

வேக எண் கட்டாயம் வேண்டுமென்றால் 13ஐ வாங்கலாம். ஓட்டத்தையும் உச்சியில் காத்திருப்போரின் பேச்சையும் பதிவுசெய்ய 12 போதும். புளூடூத் மைக்கை நேரடியாக இணைக்கலாம். ஹீரோ 9 முதல் 12 வரை பேட்டரி ஒரே அளவுதான். 13க்குப் போனால் பையில் சேர்த்து வைத்திருக்கும் பழைய பேட்டரி ஒன்றும் பொருந்தாது.